அமுச்சி கூட உக்காந்து பாத்த தாகூர் கதை

எங்க அமுச்சி, அதாவது எங்கம்மாவோட அம்மா, வீடு பாலக்காடு ஜில்லா கொழிஞ்சாம்பாறை பக்கம். டிவில மலையாள சீரியலும் தமிழ் சீரியலும் மாறி மாறி ஓடும், இந்தி ஒருத்தருக்கும் வராது. போன லீவுல நான் லேப்டாப்ல டைரக்டர் அனுராக் பாசுவோட தாகூர் கதைகள் இந்தி சீரிஸ் பாத்துட்டு இருந்தேன், 2015ல எபிக் சேனல்ல வந்துச்சே அது, அதுல சாருலதா கதை, தாகூர் 1901ல எழுதுன நஷ்டநீர். அமுச்சி முறுக்கு மாவும் கையுமா வந்து பக்கத்துல உக்காந்துருச்சு.

எனக்கு பக்குன்னு ஆயிருச்சு. கல்யாணமான சாரு கொழுந்தன் முறை ஆகற அமல்ங்கற பையன் மேல மனச வைக்கிறா, அத எப்படிங்க 82 வயசு அமுச்சிக்கு தமிழ்ல சொல்றது? ஏதோ நல்ல பழக்கம்னு மழுப்புனேன். "அவ மொகத்தப் பாத்தா எனக்குத் தெரியாதா, நீ கதயச் சொல்லு கண்ணு"ன்னுச்சு. புருசன் பூபதி என்ன பொழப்புன்னு கேட்டுச்சு, இங்கிலீஷ் பேப்பர் நடத்துறார்னேன். "ஊருக்கெல்லாம் சேதி சொல்றவனுக்கு ஊட்டுச் சேதி தெரியல பாரு."

ஆனா அமுச்சிக்கு காதல் கதையில பெருசா இஷ்டம் இல்லைங்க. ரெண்டு பேருக்கு மட்டும்னு வச்சிருந்த எழுத்த அமல் பத்திரிக்கைக்கு அனுப்பிட்டான்னு சாருவுக்கு கோபம் வரும், அப்புறம் அவளே எழுத ஆரம்பிப்பா, அந்த எடத்துல மாவு பிசையற கை நின்னு போச்சு. அஞ்சாவது வரைக்கும் தமிழ்ல படிச்சதாம், கும்மிப் பாட்டு கட்டி ஒரு நோட்டுல எழுதி வச்சிருந்துச்சாம், மாமனார் அந்த நோட்ட கிழிச்சு கடையில பொட்டலம் மடிச்சுட்டாராம். கடலைப் பொட்டலம்! எங்கம்மாவுக்கே இது தெரியாது.

எபிசோடு முடிஞ்சதும் மூலக்கதையோட கடைசிய சொன்னேன். பூபதி மைசூருக்கு கிளம்பறார், என்னையும் கூட்டிட்டுப் போங்கன்னு சாரு கேக்குறா, அவர் தயங்கிட்டு அப்புறம் சரி வாங்கறார், அதுக்குள்ள இவ வேண்டாம், இருக்கட்டும்னுடறா.

"நம்ம சத்தி வழியா போற மைசூரா?"

ஆமா அமுச்சி.

"போயிருந்தாலும் அங்கயும் பேப்பரத்தான பாத்துட்டு இருந்திருப்பான்."

--

அக்கா, நான் பாலக்காட்டுல காலேஜ் படிக்கறப்ப இதே கதைய வச்சு 1964ல சத்யஜித் ராய் எடுத்த சாருலதா படம் பாத்தேன். ஆரம்பத்துல சாருவா நடிச்ச மாதவி முகர்ஜி சின்ன பைனாகுலர் மாதிரி ஒண்ண வச்சுட்டு ஜன்னல் ஜன்னலா ஓடி தெருவுல போறவங்கள பாப்பாங்க, அப்புறம் அதே கண்ணாடில சொந்த புருசன் நடந்து போறதயும் பாப்பாங்க. அன்னிக்கு வீட்டுக்கு வந்தா எங்கம்மா ஜன்னல்கிட்ட நின்னுட்டு, பொள்ளாச்சி பஸ்சு இன்னிக்கு லேட்டுடாங்கறாங்க. தினமும் பாக்கறாங்கன்னு அப்பத்தான் தெரியும் எனக்கு.

அமுச்சி பாட்டு ஏதாச்சும் ஞாபகம் இருந்தா எழுதி வாங்கிருங்க.

--

கேட்டுட்டேன் தம்பி. ரெண்டு வரிதான் வருதாம். அதையும் சொல்ல மாட்டேங்குது, சிரிக்குது.