பழைய வெளிநாட்டுப் படங்களைப் பகிர்வது: சட்டம் தெரிந்தவர்கள் கொஞ்சம் உதவுங்கள்

வணக்கம் உறவுகளே. நான் திருகோணமலை, உப்புவெளிப் பக்கம். மூன்று வருடமாகப் பழைய இத்தாலி, ஜப்பான், பிரெஞ்சுப் படங்களுக்குத் தமிழில் சப்டைட்டில் எழுதி ஒரு குழுவில் போட்டு வருகிறேன், காசுக்கில்லை, ஒரு படத்துக்குப் பத்துப் பன்னிரண்டு ராத்திரி போகும். போன கிழமை காலையில் போனைத் திறந்தால் ஏழு படங்களைக் காணவில்லை, "பதிப்புரிமை காரணமாக நீக்கப்பட்டது" என்று ஒற்றை வரி மட்டும் நிற்கிறது. கோபம் வந்தது, உண்மைதான், ஆனால் அனுமதி கேட்காமல் போட்டவனும் நான்தானே.

எங்கள் 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி திரைப்படத்துக்கு முதல் வெளியீட்டிலிருந்து 70 வருடம். இந்தியாவில் 60, அமெரிக்காவில் பழைய படங்களுக்கு 95 வரை போகிறது. அப்படியென்றால் 1950இல் வந்த படத்தை நான் இங்கிருந்து ஏற்றி, ஒருவர் கனடாவில் இருந்து பார்த்தால் எந்த நாட்டுக் கணக்கு? கீறலெல்லாம் துடைத்துப் புதிதாக வெளியிட்ட பிரதி என்றால்? அதன் இசைக்கு வேறு உரிமையாளர் இருந்தால்?

அப்புறம் முக்கியமானது: படத்தை விட்டுவிட்டு என் தமிழ் வரிகளை மட்டும் தனிக் கோப்பாகப் போடலாமா? மொழிபெயர்க்கும் உரிமையும் மூலக்காரருடையது என்று ஒரு நண்பன் பயமுறுத்துகிறான். உரிமையாளருக்கு எழுதி அனுமதி வாங்கிய அனுபவம் யாருக்காவது இருந்தால், கடிதத்தில் என்ன எழுதினீர்கள் என்று சொல்லுங்கள். உள்பெட்டியில் வந்தாலும் சரி.