மழலையர் வகுப்பில் உண்மையான கருவிகளைக் கொடுக்கலாமா?

கேள்வி

மூன்றரை வயது முதல் ஐந்து வயது வரையுள்ள பன்னிரண்டு குழந்தைகளுக்கு மழலையர் வகுப்பு நடத்தி வருகிறேன். எளிய கருவிகளைக் கையாண்டு பழகட்டும் என்று சுத்தியல், திருப்புளி, ரம்பம் எல்லாம் அடங்கிய பிளாஸ்டிக் பெட்டி ஒன்றை வாங்கி வைத்தேன். முதல் நாள் அதற்குப் பெரும் போட்டி இருந்தது. மூன்றாம் நாளே சுத்தியல் தொலைபேசியாகவும் ரம்பம் சீப்பாகவும் மாறிவிட்டன. அதன் பிறகு பெட்டியை யாரும் திறக்கவில்லை. படங்களைக் காட்டி ஒவ்வொன்றின் பெயரையும் பயனையும் சொல்லிக்கொடுத்தேன். கேட்டால் ஒப்பிக்கிறார்கள், அவ்வளவுதான். உண்மையான கருவிகளையே கொடுக்கலாமா, கொடுப்பதானால் எதிலிருந்து தொடங்குவது, ஒரே ஆசிரியராக இருந்துகொண்டு காயம் நேராமல் பார்த்துக்கொள்வது எப்படி என்பதை அனுபவமுள்ளவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

மறுமொழி 1

பிழை குழந்தைகளிடம் இல்லை. பிளாஸ்டிக் சுத்தியலால் எந்த ஆணியும் இறங்காது என்பதை அவர்கள் ஓரிரு அடியிலேயே கண்டுகொண்டு, அதற்கு வேறு வேலை கொடுத்துவிட்டார்கள். இத்தாலியக் கல்வியாளர் மரியா மாண்டிசோரி 1907-ஆம் ஆண்டு ரோம் நகரில் 'குழந்தைகள் இல்லம்' என்ற தம் முதல் மழலையர் பள்ளியைத் திறந்தார். அவர் வளர்த்தெடுத்த முறையில் குழந்தையின் கைக்கு அடங்கும், ஆனால் உண்மையாகவே பெருக்கும் துடைப்பமும், கீழே விழுந்தால் உடையும் கண்ணாடிக் குவளையும் இடம்பெற்றன. அளவுதான் சிறியது, வேலை மெய்யானது.

என் அனுபவத்தில், கருவியை முதலில் காட்டுவதைவிட, கையால் மட்டும் செய்ய முடியாத ஒரு வேலையை முதலில் வைப்பதே பயன் தருகிறது. ஒரு நாள் வண்ணத்தூள் டப்பாவின் மூடியை வேண்டுமென்றே இறுக அழுத்தி மேசைமேல் வைத்தேன். நான்கு வயதுச் சிறுமி ஒருத்தி நகத்தால் கெல்லிப் பார்த்தாள், தலைகீழாகப் பிடித்துக் குலுக்கினாள், பக்கத்துப் பையனைப் பிடித்துக்கொள்ளச் சொல்லி இழுத்தும் பார்த்தாள். அருகே ஒரு மெல்லிய குச்சியும் எவர்சில்வர் கரண்டியும் கிடந்தன. குச்சி முறிந்தது. கரண்டிக் காம்பின் நுனியை மூடிக்கு அடியில் செருகி மறுமுனையை அழுத்தியதும் மூடி 'டப்' என்று எழும்பியது. உடனே அதை மறுபடி மூடிவிட்டு இன்னொரு முறை திறந்தாள், பிறகு இன்னொரு முறை. நெம்புகோல் என்ற சொல்லை அன்று நான் சொல்லவேயில்லை. சில நாள் கழித்து, "அந்தத் தூக்குற கரண்டி எங்கே?" என்று அவளே கேட்டபோதுதான் சொன்னேன்.

சாய்தளத்துக்கும் இதுவே வழி. புத்தகம் நிறைந்த பெட்டியைத் திண்ணை உயரத்துக்கு ஏற்றச் சொல்லிவிட்டு, குட்டைப் பலகை ஒன்றையும் நீளப் பலகை ஒன்றையும் பக்கத்தில் போட்டுவையுங்கள். நீளப் பலகையில் தொலைவு கூடினாலும் தள்ளுவது எளிது என்பதை அவர்களின் தோள்களே சொல்லிவிடும்.

மறுமொழி 2

நான் ஆசிரியரல்லன், தச்சு வேலை செய்பவன். சுத்தியலைப் பற்றி மட்டும் சொல்கிறேன். எடை 200 கிராம் அளவில் இருந்தால் போதும். மிக இலேசான சுத்தியல் துள்ளும், குழந்தை அதை ஓங்கி அடிக்கத் தொடங்கும், ஆபத்து அங்கேதான் வருகிறது. தொடக்கத்தில் இறுகப் பிசைந்த களிமண் கட்டியில் மர முளைகளை அடிக்கச் சொல்லுங்கள். பிறகு மென்மரத்தில், தலை அகன்ற ஆணி. ஆணியை விரலால் பிடிக்க விடாமல் துணி கிளிப்பால் பிடிக்கச் செய்தால் விரல் தப்பும். குழந்தைகள் காம்பைச் சுத்தியலின் தலைக்கு அருகிலேயே பிடிப்பார்கள். அதைத் திருத்த வேண்டாம். குறி தப்பாமல் இருக்க அவர்கள் கை கண்டுபிடித்த வழி அது. பழகப் பழகப் பிடி தானாகக் கீழே இறங்கும்.

திருப்புளியில் சிக்கல் வேறு. மணிக்கட்டு ஒரு முறை திரும்பியதும், கையைத் தளர்த்தி மறுபடி பிடிக்க வேண்டும் என்பது அவர்களுக்குத் தோன்றாது. முழங்கையையும் உடம்பையும் சேர்த்து வளைத்துக்கொண்டு நிற்பார்கள். ஆகவே முதலில் பெரிய போல்ட்டும் நட்டும் கொடுத்து விரலால் திருகப் பழக்குங்கள். திருப்புளி கொடுக்கும்போது பிடி பருமனாக இருக்கட்டும், பிடி பருக்கப் பருக்கத் திருப்ப வேண்டிய விசை குறையும். மரத்தில் முன்கூட்டியே துளையிட்டும் வையுங்கள்.

மறுமொழி 3

முதல் மறுமொழியில் எனக்குச் சிறு மாறுபாடு உண்டு. எல்லாவற்றுக்கும் ஒரு தேவையை உருவாக்கிக் காத்திருக்க வேண்டியதில்லை. கத்தரிக்கோலைப் பொறுத்தவரை குழந்தைகள் வெட்டுவதற்காகவே வெட்டுகிறார்கள். ஒரே வெட்டில் துண்டாகும் அளவுக்குக் குறுகிய தாள் பட்டைகளைக் கொடுத்தால் அதுவே அவர்களுக்கு நிறைவான வேலை. தாள் சற்றுத் தடிப்பாக இருக்க வேண்டும், மெல்லிய தாள் அலகுகளுக்கிடையே மடங்கிக்கொள்ளும். இடக்கைப் பழக்கமுள்ள குழந்தைக்கு இடக்கைக் கத்தரிக்கோலே வேண்டும். வலக்கைக் கத்தரிக்கோலை இடக்கையில் பிடித்தால் அலகுகள் விலகுவதோடு வெட்ட வேண்டிய கோடும் மறைந்துவிடும். அந்தக் குழந்தையை நாம் கைத்திறன் குறைந்தவன் என்று தவறாக எண்ணிவிடுகிறோம்.

பாதுகாப்பைப் பற்றி: சுத்தியல் மேசையில் ஒரே நேரத்தில் இருவருக்கு மேல் வேண்டாம், நீங்கள் அந்த மேசையை விட்டு நகரவும் வேண்டாம். மற்றவர்களுக்கு அந்நேரம் புனல், சல்லடை, இடுக்கி, டிராப்பர் போன்றவற்றைத் தண்ணீர்த் தொட்டியருகே கொடுக்கலாம். பாதுகாப்புக் கண்ணாடி அணியாமல் ஆணி அடிக்கக் கூடாது. பலகையில் ஒவ்வொரு கருவியின் உருவத்தையும் வரைந்து அதன்மேலேயே மாட்டச் செய்தால், எது திரும்பவில்லை என்பது ஒரே பார்வையில் தெரியும். மூன்று வயதுக்குட்பட்ட தம்பி தங்கையர் வந்துபோகும் இடமாக இருந்தால் நட்டு, ஆணிகளை எண்ணித் திரும்ப வாங்குங்கள். அந்த வயதினருக்கான பொம்மைகளைச் சோதிக்கும் உருளையின் விட்டம் 31.7 மில்லிமீட்டர், அதற்குள் அடங்கும் எதுவும் தொண்டையில் சிக்கக்கூடியது.

கேள்வி கேட்டவர்

மூவருக்கும் நன்றி. களிமண்ணும் மர முளைகளும் கொண்டு நேற்றுத் தொடங்கினேன். எதிலும் ஐந்து நிமிடம் தங்காத ஒரு பையன், அடித்த முளைகளைப் பிடுங்கி மறுபடி அடித்தபடி வகுப்பு முடியும் வரை அங்கேயே நின்றான். கண்ணாடியை மட்டும் அடிக்கடி நெற்றிக்கு ஏற்றிவிடுகிறார்கள். அதற்கு யாரேனும் வழி சொன்னால் நல்லது. பிளாஸ்டிக் பெட்டியை எடுத்து வைத்துவிட்டேன், சுத்தியலைத் தவிர. அதில் இன்னும் அழைப்புகள் வந்துகொண்டிருக்கின்றன.