பின்முன் பட்டவர்கள் இங்கே எழுதுங்கள்

பாம்பன் பட்டறை (ஞாயிறு இரவு):

கச்சான் ஓய்ந்து வாடை பிறக்கும் முன்னால் காற்றே இல்லாமல் ரெண்டு மூணு நாள் கிடக்குமே, நம்ம பக்கம் அப்போதுதான் இது வருகிறது. நடப்பது முதலில், அதற்கான காரணம் பிறகு. எங்கள் பட்டறையில் இதற்குப் பேர் பின்முன்.

ஒரு வேண்டுகோள். ரேடியோ கதை வேண்டாம். 1996-இல் இலங்கைக் கடிகாரத்தை முன்னால் தள்ளி வைத்தார்கள், 2006-இல்தான் மறுபடி நம்ம நேரத்துக்கு வந்தது. அந்தப் பத்து வருசம் இலங்கை வானொலி மணி சொன்னால் நம்ம சுவர்க் கடிகாரம் பின்தங்கித்தான் இருக்கும். அது அரசாங்க உத்தரவு. பின்முன் இல்லை.

என் விசயம். போன வெள்ளிக்கிழமை ஒரு விசைப்படகு வந்தது. இஞ்சின் ஸ்டார்ட் ஆகிறது, ஆனால் கரும்புகை, இழுவை இல்லை. பம்பைக் கழற்றி ராமநாதபுரத்துக்கு அனுப்பலாம் என்றிருந்தேன். அனுப்பினால் சனிக்கிழமைத் தொழில் போச்சு. பீடி பற்றவைக்கத் தீப்பெட்டி தேடிச் சட்டைப் பையில் கைவிட்டால் ஒரு மடித்த தாள். தினசரிக் காலண்டர் தாள். பின்பக்கம் எழுதியிருந்தது: “பம்பைத் தொடாதே. மூணாவது நாசில். பழைய செப்பு வாசர் அடியிலேயே இருக்கு.”

டீசலைப் பீய்ச்சும் அந்த நாசிலைக் கழற்றினேன். முன்பு வேலை பார்த்தவர் யாரோ பழைய வாசரை எடுக்காமல் அதன் மேலேயே புதுசைப் போட்டு முடுக்கியிருக்கிறார். கரி பிடித்துக் குழியோடு குழியாகக் கிடந்தது. டார்ச் அடித்தாலும் தெரியாது, ஊசியால் நெம்பினால்தான் வரும். ரெண்டு வாசர் கனத்துக்கு நாசில் தூக்கிக்கொண்டு நின்றால் எப்படிச் சரியாக எரியும்?

அப்புறம்தான் தாளின் முன்பக்கத்தைப் பார்த்தேன். செவ்வாய்க்கிழமை, ராகுகாலம் 3 - 4.30. வரப்போகிற செவ்வாய்! சுவரில் தொங்கும் காலண்டரைப் புரட்டினால் அதே தாள் கிழிபடாமல் இருக்கிறது. எழுத்து என் எழுத்து. ‘ழ’வின் வாலை அடுத்த எழுத்துக்கு அடியில் இழுத்துவிடுவது என் பழக்கம். ஆனால் இன்று வரை நான் எதுவும் எழுதவில்லை.

சின்னப்பாலம்:

அம்மா சொல்லச் சொல்ல நான் தட்டுகிறேன்.

“பாசி எடுக்கப் போன இடத்துல. விரலுக்கெல்லாம் துணி சுத்தியாச்சு, கண்ணாடி மாட்டியாச்சு, தண்ணியில கால் வைக்கல இன்னும். பெருவிரல்ல ரத்தம். வெட்டு வாயைப் பொளந்துக்கிட்டு இருக்கு, ஆனா வலி இல்ல. என்னடா இதுன்னு கால்ல துணி சுத்துவோம்னு ஒத்தக்கால்ல நின்னேன். வழுக்கி, அந்தக் கால் போயி பார்ப் பாறையில இடிச்சது. அதே விரல், அதே இடம். வலி அப்பத்தான் வந்துச்சு. சுத்தாம இருந்திருந்தா வழுக்கியிருக்க மாட்டேன். வழுக்காம இருந்தா எதுக்குச் சுத்தப் போறேன்?”

அந்தத் துணியை அம்மா இன்னும் கழுவவில்லை. ஏன் என்று கேட்டால் திட்டுகிறார்.

கீழக்கரை வாத்தியார்:

இயற்பியல் சொல்லிக்கொடுக்கிறவன் என்பதால் கொஞ்சம் குறுக்கிடுகிறேன். 1949-இல் கோடெல் என்ற கணித மேதை, ஐன்ஸ்டைனின் சமன்பாடுகளை வைத்தே, சுழலும் பிரபஞ்சம் ஒன்றில் கிளம்பினவன் தன் பழைய நாளுக்கே வந்து சேரும் பாதை உண்டு என்று காட்டினார். கணக்கில்தான். ஹாக்கிங் 2009 ஜூன் 28 அன்று காலப் பயணிகளுக்கு விருந்து வைத்தார். விருந்து முடிந்த பிறகே அழைப்பை வெளியிட்டார். ஒருத்தரும் வரவில்லை. பலகாரம் வீண்.

ரஷ்யாவின் நோவிகோவ் சொன்னதுதான் உங்களுக்குப் பொருந்தும். அப்படி ஒரு சுற்று இருந்தாலும், அதற்குள் தன்னோடு முரண்படாத நிகழ்ச்சிகளே நடக்க முடியும் என்றார். அம்மாவின் விரல் அச்சு அசல் அது.

பட்டறை அண்ணே, தாளைவிட எனக்கு உறுத்துவது சேதி. தாள் மரக்கூழிலிருந்து வந்தது, சரி. வாசர் அடியில் இருக்கிறது என்று கண்டுபிடித்தது யார்? நீங்கள் தாளைப் பார்த்துத் தெரிந்துகொண்டீர்கள். தாளில் எழுதுகிறவர் உங்களால் தெரிந்துகொண்டிருப்பார். நடுவில் யாருமே யோசிக்கவில்லை. சோதனை சுலபம். திங்கள் இரவே அந்தச் செவ்வாய்த் தாளை ஒளித்துவையுங்கள்.

(‘முன்னொரு காலத்தில்’ என்றால் கழிந்துபோனது, ‘முன்னால் போ’ என்றால் இனிப் போக வேண்டியது. நம்ம தமிழே இந்த விசயத்தில் ஒரு பக்கமாக நிற்பதில்லை.)

தங்கச்சிமடம்:

எனக்கு ஒரு கேள்விதான். 1964 டிசம்பர் 22 ராத்திரி தனுஷ்கோடிக்குப் போன பாசஞ்சர் ரயிலைக் கடல் எடுத்தது. எங்கள் அப்பத்தா ஊரைவிட்டு உடுத்த சேலையோடு வந்தவர். செப்பு வாசருக்கு வருகிற சேதி அன்றைக்கு ஏன் வரவில்லை?

கீழக்கரை வாத்தியார்:

பதில் இல்லை ஐயா.

சின்னப்பாலம்:

வந்திருக்கும் என்கிறார் அம்மா. வந்ததைக் கேட்டு யாராவது ஓடிப்போய் அந்த ரயிலிலேயே ஏறியிருப்பார்களாம்.

பாம்பன் பட்டறை (செவ்வாய் இரவு):

வாத்தியார் சொன்னபடி நேற்று இரவு அந்தத் தாளை மட்டும் உருவி, ஸ்பேனர் பெட்டியின் அடித்தட்டில் போட்டு மூடினேன். இன்று ஒரு எழுத்தும் எழுதக்கூடாது என்று பில்லைக்கூட வாயால்தான் சொன்னேன்.

சாயங்காலம் நம்ம பையன், பட்டறையில் எடுபிடி, சாதாரணமாகச் சொல்கிறான்: “அண்ணே, அன்னைக்கு நாசில் கழட்டினீங்கள்ல, அது மறக்காம இருக்க எழுதி வைச்சேன். எடுக்கிற தாள் எல்லாம் கிரீஸ். பதினேழாம் நம்பர் எடுக்கப் பெட்டியைக் குடைஞ்சப்ப அடியில சுத்தமா ஒண்ணு கிடந்துச்சு. எழுதி உங்க சட்டைப் பையில போட்டுட்டேன். நீங்கதானே பத்திரமா வைப்பீங்க.”

காலண்டரிலேயே விட்டிருந்தால் அவன் அதைத் தொட்டிருக்கவே மாட்டான். காலண்டரில் நான்தான் கிழிப்பேன், அவனுக்குத் தெரியும்.

இவனுக்குப் பில் எழுதப் பழக்கியது நான். ‘ழ’வின் வாலும் என்னிடமிருந்து போனதுதான்.

எந்தச் சட்டை என்று கேட்டேன். கொடியில் கிடக்கிற நீலச் சட்டை என்றான். வெள்ளிக்கிழமை போட்டிருந்தது அதுதான். போய்ப் பையில் கைவிட்டுப் பார்த்தேன். உள்ளே ஈரம் மட்டும் இருந்தது.