குச்சி துளிர்க்கிறது, மூன்றாம் வாரம் கருகுகிறது: அம்மா வீட்டு மல்லியை எப்படிக் கொண்டுவருவது?

கிணற்றடி (வைகாசி முதல் வாரம்)

பட்டுக்கோட்டைப் பக்கம் இருக்கும் எங்கள் அம்மா வீட்டை ஆவணியில் இடிக்கப் போகிறோம். அண்ணன் அங்கேயே புதிதாகக் கட்டுகிறார். கொல்லையில் கிணற்றுக்கும் துவைக்கிற கல்லுக்கும் நடுவே ஒரு அடுக்கு மல்லிப் புதர் இருக்கிறது. சுவரோரம் சிவப்பு இட்லிப்பூ. இரண்டும் நான் பள்ளிக்கூடம் போன காலத்தில் அம்மா வைத்தவை. அம்மா போய் நாலு வருஷம் ஆகிறது. நான் இருப்பது திருச்சியில், இரண்டாவது மாடி. காலை வெயில் வரும் பால்கனி ஒன்றுதான் இடம்.

போன மாதம் இருபது குச்சி வெட்டி, ஈரத்துண்டில் சுற்றி பஸ்ஸில் கொண்டுவந்தேன். செம்மண்ணும் மண்புழு உரமும் சரிபாதி கலந்து கவரில் நட்டு, தினமும் இரண்டு வேளை தண்ணீர் விட்டேன். பத்தாம் நாள் மல்லிக் குச்சிகள் எல்லாம் துளிர்த்தன. எவ்வளவு சந்தோஷப்பட்டேன் தெரியுமா! மூன்றாம் வாரம் துளிர் தொங்கிவிட்டது. பிடுங்கிப் பார்த்தால் ஒரு வேர்கூட இல்லை, அடிப்பட்டை கறுத்து, வழவழவென்று கையோடு உரிந்து வருகிறது. இட்லிப்பூ துளிர்க்கவே இல்லை, இருந்த இலையையும் கொட்டிவிட்டது. இதே செடிதான் வேண்டும், கடையில் வேறு வாங்கிக்கொள்ளச் சொல்லாதீர்கள். என்ன தப்பு செய்கிறேன்?

மொட்டைமாடி

குச்சியை வேர்விட வைக்கிற வேர்ப்பொடி தொட்டு நட்டீர்களா? உரக்கடையில் சின்னப் பொட்டலமாகக் கிடைக்கும். நான் அந்தப் பொடி போட்டுத்தான் செம்பருத்தி எடுக்கிறேன்.

மணல்நாற்று

அம்மா, பொடி போடாததால் போகவில்லை. எரு மண்ணாலும் அதிகத் தண்ணீராலும் போயிருக்கிறது. எனக்கு ஊர் தங்கச்சிமடம். ராமேஸ்வரம் தீவில் எங்கள் பக்கம் மல்லி நாற்று போடுவதே பிழைப்பு. 2013இல் புவிசார் குறியீடு வாங்கிய மதுரை மல்லித் தோட்டங்களுக்கும் இங்கிருந்து நாற்று போகிறது. எங்கள் மணலில் தண்ணீர் நிற்காது, குச்சிக்கு அதுதான் வேண்டும். வேர் இல்லாத குச்சியால் உரத்தைச் சாப்பிட முடியாது. எரு ஈரத்தைப் பிடித்து வைத்து வெட்டுவாயை அழுகத்தான் விடும்.

துளிரைப் பார்த்து நம்பாதீர்கள். குச்சிக்குள் ஏற்கெனவே இருக்கிற சாப்பாட்டில் இலை வந்துவிடும். அது தீர்வதற்குள் வேர் வரவேண்டும், வராவிட்டால் நீங்கள் சொன்ன மாதிரி மூன்றாம் வாரம் தொங்கும். லேசாக இழுத்துப் பார்க்கும்போது மண் பிடித்து இழுத்தால்தான் வேர் என்று அர்த்தம். அதையும் நாற்பது நாளுக்கு முன்னால் செய்ய வேண்டாம்.

இனி வெட்டினால் பச்சைக் கொழுந்தும் வேண்டாம், பழுப்பேறிய முற்றலும் வேண்டாம். வளைத்தால் கொஞ்சம் வளைந்து, பிறகு டக்கென்று ஒடிகிற பருவம்தான் சரி. ஒரு சாண் நீளம், மூன்று நாலு கணு. கீழ்வெட்டு கணுவுக்குச் சற்றுக் கீழே சாய்வாக, மேல்வெட்டு நேராக. அப்படி வெட்டினால் தலைகீழாக நட்டுவிடுகிற தவறும் வராது. மேலே இரண்டு இலை போதும், அதையும் பாதியாக நறுக்குங்கள். மொட்டிருந்தால் கிள்ளிவிடுங்கள். மணலும் நன்றாக அலசின தென்னை நார்க்கழிவும் கலந்து நடுங்கள். அலசாவிட்டால் அதில் இருக்கிற உப்பு வேரைச் சுடும். அடி நறுக்கின தண்ணீர் பாட்டிலைக் கவிழ்த்து நிழலில் வைத்தால் இலை வாடாது.

ஆனால் உங்கள் நிலைமைக்கு நான் குச்சியை மட்டும் நம்பமாட்டேன். செடி இன்னும் மூன்று மாதம் தரையில் இருக்கிறதே! மண் பதியம் போடுங்கள். தாழ்ந்த மல்லிக் கொடி ஒன்றைத் தரைக்கு வளைத்து, மண்ணைத் தொடும் கணுவுக்குக் கீழே பட்டையை லேசாகச் சீவி, நாலு விரல் ஆழத்தில் புதைத்து, மேலே ஒரு செங்கல்லை வையுங்கள். நுனி வெளியே நீட்டிக்கொண்டிருக்கட்டும். வேர் வரும்வரை தாய்ச்செடி சோறு போடும். கிணற்றுப் பக்கக் கொடியாகப் பாருங்கள், துவைக்கிற கல் பக்கம் சோப்புத் தண்ணீர் வரும்.

கொல்லைப்பக்கம்

ஐயா சொன்னது மல்லிக்கு அப்படியே பொருந்தும். இட்லிப்பூவின் கிளை விறைப்பானது, தரைக்கு வளைத்தால் முறிந்துவிடும். அதற்கு விண் பதியம்தான். பென்சில் கனக் கிளையில் ஒரு அங்குலத்துக்குப் பட்டையை வளையமாக எடுத்துவிடுங்கள். உள்ளே வழவழப்பாக ஒரு படலம் இருக்கும், அதைக் கத்தி முதுகால் சுத்தமாகச் சுரண்ட வேண்டும். முதல் தடவை நான் அதைச் சுரண்டாமல் விட்டேன். இரண்டு மாதம் கழித்துப் பிரித்தால் பட்டை மறுபடி மூடி வளர்ந்திருந்தது, வேர் இல்லை. இலை செய்கிற சாப்பாடு பட்டை வழியாகத்தான் கீழே இறங்கும். வழியை அறுத்தால் மேல் விளிம்பில் தேங்கி அங்கே வேர்விடும். வேர்ப்பொடி இருந்தால் அந்த மேல் விளிம்பில் தடவுங்கள், இட்லிப்பூவுக்கு அது உதவும்.

நார்க்கழிவை நனைத்து, சொட்டு விழாத அளவுக்குப் பிழிந்து, உருண்டையாக வைத்துப் பாலிதீனால் சுற்றி இரண்டு முனையும் இறுகக் கட்டுங்கள். உள்ளே தெரிகிற தாளாக இருந்தால் வேர் வந்ததைப் பிரிக்காமலே பார்க்கலாம். வெயில் படும் இடமென்றால் மேலே ஒரு துணி. ஒன்றோடு நிறுத்தாதீர்கள் அக்கா, நாலு கிளையில் கட்டுங்கள்.

கிணற்றடி (ஆவணி)

ஐயாவுக்கும் கொல்லைப்பக்கத்துக்கும் நேரில் வந்து நன்றி சொல்ல வேண்டும். வைகாசிக் கடைசியில் போய் மல்லியில் மூன்று பதியமும் இட்லிப்பூவில் நாலும் போட்டேன். அண்ணிதான் தண்ணீர் விட்டுப் பார்த்துக்கொண்டார்கள். போன ஞாயிறு எடுத்தேன். செங்கல்லைத் தூக்கியதும் அதன் அடியில் ஒட்டிக்கொண்டு வெள்ளை நூல்மாதிரி வேர்! மல்லி மூன்றும் பிடித்திருக்கிறது. இட்லிப்பூவில் ஒன்று காய்ந்துவிட்டது, ஒன்றில் எறும்பு புகுந்து நார் எல்லாம் உதிர்ந்து கிடந்தது. மற்ற இரண்டில் தாளுக்குள் வேர் சுற்றிச் சுற்றி ஓடியிருக்கிறது. கட்டுக்குக் கீழே வெட்டி, இலையைப் பாதியாக நறுக்கி, பத்திரமாகத் திருச்சிக்குக் கொண்டுவந்துவிட்டேன்.

மல்லி ஒன்றில் நுனியில் இரண்டு மொட்டு இருக்கிறது. கிள்ள வேண்டுமா?

மணல்நாற்று

கிள்ளத்தான் வேண்டும் அம்மா, செடி முதலில் வேரை வளர்க்கட்டும். பதினைந்து நாள் நிழலில் வைத்துவிட்டு, அப்புறம் கொஞ்சம் கொஞ்சமாகக் காலை வெயிலுக்கு நகர்த்துங்கள். தாய்ப்புதரையும் விட்டுவிடாதீர்கள். முழங்கால் உயரத்துக்கு வெட்டி, சுற்றி ஒன்றரை அடி விட்டு மண்ணோடு தோண்டி, ஈரச் சாக்கில் கட்டி அண்ணன் வீட்டு மூலையில் எங்கேயாவது நடச் சொல்லுங்கள். கார்த்திகையில் கவாத்துக்கு நாங்கள் அந்த உயரத்துக்குத்தான் வெட்டுகிறோம், மல்லி அதைத் தாங்கும்.

கிணற்றடி

அண்ணனிடம் இப்போதே பேசிவிட்டேன். சாக்கு இருக்கிறதாம். இடிக்கிற ஆள் வருவதற்கு முதல் நாள் அவரே தோண்டுகிறேன் என்று சொல்லியிருக்கிறார்.