நாலு வருடம் இஎம்ஐ கட்டியும் அசல் 1.34 லட்சம்தான் குறைந்திருக்கிறது, பணம் எங்கே போகிறது?

அருவங்காடு மேடு

எல்லோருக்கும் வணக்கம். வீட்டுக்கடன் கணக்கில் ஒரு சந்தேகம், தெரிந்தவர்கள் உதவ வேண்டும்.

2021 டிசம்பரில் 30 லட்சம் வாங்கினோம். 20 வருடம், மாறும் வட்டி, அப்போது 7%. இஎம்ஐ 23,259. அதை 240 மாதத்தால் பெருக்கினால் 55.8 லட்சம் வருகிறது. சரி, 26 லட்சம் வட்டி போனாலும் சொந்த வீடு நிற்கும் என்றுதான் நானும் மனைவியும் கையெழுத்துப் போட்டோம். 2023 மார்ச்சில் இஎம்ஐயை 25,200 ஆக்கிவிட்டதாக எஸ்எம்எஸ் வந்தது, அதையும் ஒரு மாதம் தவறாமல் கட்டி வருகிறோம். இப்போது ஸ்டேட்மென்ட் எடுத்துப் பார்த்தால் 2025 டிசம்பர் வரை கட்டியது 11.8 லட்சம், பாக்கி அசல் 28.66 லட்சம், மீதித் தவணை 222. இருநூற்று இருபத்திரண்டு மாதம் என்றால் பதினெட்டரை வருடம்! நாலு வருடம் கட்டியாகிவிட்டதே, பதினாறுதானே இருக்க வேண்டும்? ஏதாவது தவறாகக் கணக்கிட்டிருக்கிறார்களா, புகார் கொடுக்கலாமா?

இன்னொன்று. வீட்டுக்குப் பின்னால் ஆள் உயரத்துக்கு மேல் மண்மேடு. போன ஐப்பசி மழையில் ஒரு பக்கம் சரிந்து கக்கூஸ் சுவர் வரை வந்துவிட்டது. தடுப்புச் சுவர் கட்டியே ஆக வேண்டும். ரோட்டிலிருந்து வீட்டுக்குப் படிதான், கல்லும் மணலும் சிமென்ட்டும் தலைச்சுமைதான், அதனால் மேஸ்திரி 5 லட்சம் சொல்கிறார். கடன் கொடுத்தவர்களே டாப்-அப் (இருக்கும் வீட்டுக்கடன் மேல் கூடுதல் கடன்) தருகிறோம், மாதம் 4,400 ரூபாய்தான் கூடும் என்கிறார்கள். வாங்கலாமா?

கோத்தகிரி ரோடு

தம்பி, நீங்கள் கொடுத்த எண்களைப் போட்டுப் பார்த்தேன். கணக்கு தவறில்லை, அதுதான் வருத்தமான விஷயம்.

நீங்கள் கடன் வாங்கியபோது ரிசர்வ் வங்கியின் ரெப்போ வட்டி, அதாவது அது மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி, 4%. உங்களுக்கு அதன் மேல் 3% வைத்து 7% கொடுத்திருக்கிறார்கள். 2022 மே மாதம் ஏறத் தொடங்கிய ரெப்போ 2023 பிப்ரவரியில் 6.5% ஆனது, உங்கள் வட்டியும் கூடவே 9.5% ஆகிவிட்டது. அந்த நேரத்தில் உங்கள் அசல் ஏறக்குறைய 29.5 லட்சம் இருந்திருக்கும். அதற்கு 9.5% என்றால் ஒரு மாத வட்டி மட்டும் 23,360 ரூபாய் வாக்கில் வரும். நீங்கள் கட்டிக்கொண்டிருந்ததோ 23,259. அதாவது முழு இஎம்ஐயும் வட்டிக்கே போதவில்லை, அசல் குறைவதற்குப் பதில் ஏற ஆரம்பித்திருக்கும். அதனால்தான் 25,200 ஆக்கினார்கள். ஆக்கிய பிறகும் மாதம் 1,840 ரூபாய் அளவுக்குத்தான் அசலில் கழிந்தது, மிச்சம் 23 ஆயிரத்துச் சொச்சம் வட்டி. ஏறக்குறைய இரண்டு வருடம் இப்படியே ஓடியிருக்கிறது. அந்த எஸ்எம்எஸ் வந்த அன்று மீதித் தவணை எவ்வளவு என்று கேட்டிருந்தால் 330 மாதம் என்று சொல்லியிருப்பார்கள்.

2025இல் ரெப்போ இறங்கி டிசம்பரில் 5.25% ஆனது. அதனால் இப்போது உங்களுக்கு 8.25%, 330 என்பது 222க்கு வந்து நிற்கிறது. இனி வட்டி மாறவே மாறாது என்று வைத்தாலும் நீங்கள் இன்னும் கட்டப்போவது 56 லட்சம். கட்டியதையும் சேர்த்தால் 67.8 லட்சம். முதலில் நினைத்த 55.8 லட்சத்தை விட 12 லட்சம் அதிகம். உங்கள் வீட்டின் விலை கையெழுத்துப் போட்ட நாளில் முடிவாகவில்லை, ஒவ்வொரு முறை வட்டி மாறும்போதும் திரும்ப எழுதப்படுகிறது.

லவ்டேல்

எனக்கும் இதே கதைதான், ஆனால் வட்டியே மாறாமல் இருந்தாலும் முதல் சில வருடம் அசல் மெதுவாகத்தான் குறையும் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள் கோத்தகிரி அண்ணா. புதிதாக வாங்கப்போகிறவர்களும் இதைப் படிப்பார்கள்.

கோத்தகிரி ரோடு

ஆமாம். 30 லட்சம், 8.5%, 20 வருடம் என்று எடுத்துக்கொள்ளுங்கள். இஎம்ஐ 26,035. முதல் மாதம் அதில் 21,250 வட்டி, 4,785 அசல். முதல் வருடம் முழுக்கக் கட்டுவது 3.12 லட்சம், அசலில் குறைவது 60 ஆயிரத்துக்கும் கீழே. பத்து வருடம் கட்டி முடித்து பாதிக் கடன் தீர்ந்தது என்று நினைக்கும் நாளில் பாக்கி 21 லட்சம் இருக்கும். இதில் ஏமாற்று வேலை எதுவும் இல்லை, பாக்கி அசலுக்குத்தான் வட்டி, தொடக்கத்தில் பாக்கி அதிகம், அவ்வளவுதான். அதையே 15 வருடமாக வாங்கினால் இஎம்ஐ 29,542, மாதம் 3,500 கூடுதல், மொத்தத்தில் 9 லட்சத்துக்கு மேல் குறைவு. 30 வருடம் என்றால் இஎம்ஐ 23,067 என்று கேட்க இனிமையாக இருக்கும், மொத்தம் 83 லட்சம் போய்விடும். "மாதம் எவ்வளவு" என்று மட்டும் பேசுகிறவரிடம் "மொத்தம் எவ்வளவு" என்று கேட்டுவிட்டுத்தான் மேலே பேச வேண்டும்.

அருவங்காடு மேடு

மிக்க நன்றி அண்ணா, இப்போதுதான் புரிகிறது. மனைவியிடம் காட்டினேன், 12 லட்சம் என்றதும் பேச்சே வரவில்லை. இனி என்ன செய்ய முடியும்? மாதம் மூவாயிரம் போலக் கூட்டிக் கட்ட முடியும். வருடத்துக்கு ஒருமுறை போனஸ் வரும், அதில் 50 ஆயிரம் ஒதுக்கலாம். ஆனால் சுவரும் கட்ட வேண்டும்.

வெலிங்டன் பாரக்ஸ்

தம்பி, வங்கியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள் நான், சில விஷயங்கள் சொல்கிறேன்.

முதலில் வட்டி. ரெப்போ மேல் 3% என்பது இன்றைக்கு அதிகம். கிளைக்குப் போய், புதிதாக வருகிறவருக்கு இன்று என்ன வட்டி கொடுக்கிறீர்கள் என்று கேளுங்கள். உங்களைவிடக் குறைவாக இருந்தால் எனக்கும் மாற்றிக் கொடுங்கள் என்று எழுதிக் கொடுங்கள். சின்னக் கட்டணம் கேட்பார்கள், கட்டலாம். 8.25 என்பது 7.5 ஆனால், அதே 25,200 கட்டினாலே கிட்டத்தட்ட இரண்டு வருடம் குறைந்து 5.8 லட்சம் மிச்சமாகும். மாட்டேன் என்றால் வேறு வங்கிக்கு மாற்றப் பாருங்கள், ஆனால் அங்கே ப்ராசசிங் ஃபீஸ், வக்கீல் ஒப்பீனியன், மதிப்பீட்டாளர் கட்டணம், பழைய எம்ஓடியை (பத்திரத்தை அடமானம் வைத்த பதிவு) ரத்து செய்து புதிதாகப் பதியும் செலவு எல்லாம் உண்டு. அதைவிட முக்கியம், மாற்றும்போது "திரும்ப 20 வருடம் போட்டுக்கலாம், இஎம்ஐ குறையும்" என்பார்கள். அதற்கு மட்டும் தலையாட்டாதீர்கள்.

ஒரு எச்சரிக்கை, இது மற்றவர்களுக்கும். வங்கிகள் 2019 அக்டோபர் முதல் தனிநபருக்குத் தரும் மாறும் வட்டி வீட்டுக்கடனை ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடுதான் இணைக்க வேண்டும், மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது வட்டியைத் திருத்த வேண்டும். ஹவுசிங் ஃபைனான்ஸ் கம்பெனிகளுக்கு அந்தக் கட்டாயம் இல்லை, சொந்த அளவுகோல் வைத்திருப்பார்கள். ஏறும்போது உடனே ஏறும், இறங்கும்போது நாம்தான் போய் நின்று கேட்க வேண்டியிருக்கும்.

அடுத்து முன்கூட்டியே கட்டுவது. தனிநபர் பெயரில் உள்ள மாறும் வட்டி வீட்டுக்கடனுக்கு முன்னதாகக் கட்டினால் அபராதம் வாங்கக் கூடாது. 50 ஆயிரத்தை வருடா வருடம் அசலில் போட்டால் உங்கள் கடன் 13 வருடம் 8 மாதம் வாக்கில் முடிந்துவிடும், போட்டதைக் கழித்தும் 8 லட்சம் மிச்சம். போடும்போது "இஎம்ஐ அப்படியே இருக்கட்டும், காலத்தைக் குறைக்கவும்" என்று எழுதிக் கொடுத்து நகலில் சீல் வாங்குங்கள். சொல்லாவிட்டால் சில இடத்தில் இஎம்ஐயைக் குறைத்துவிடுவார்கள், காலம் அப்படியே நிற்கும்.

அருவங்காடு மேடு

அக்கா, அனுமதிக் கடிதத்தைத் தேடி எடுத்தேன். 30 லட்சத்தில் 29 லட்சம்தான் வீட்டுக்கு. 1 லட்சம் "கடன் பாதுகாப்பு இன்சூரன்ஸ்" பிரீமியம் என்று கடனிலேயே சேர்த்திருக்கிறார்கள்.

வெலிங்டன் பாரக்ஸ்

நிறையப் பேருக்கு இப்படித்தான் நடக்கிறது, எனக்குக் கோபமே வருகிறது. அந்த 1 லட்சத்துக்கு முதலில் சொன்ன 7% வட்டியிலேயே 20 வருடத்தில் 1.86 லட்சம் கட்டுவீர்கள். கடன் வாங்கினால் இந்தப் பாலிசி எடுத்தே ஆக வேண்டும் என்று எந்த விதியும் இல்லை. ஆயுள் காப்பீடு வேண்டாம் என்று நான் சொல்லவில்லை, குடும்பத்துக்குக் கட்டாயம் வேண்டும், ஆனால் தனியாக டெர்ம் பாலிசி (இறந்தால் மட்டும் பணம் தரும் ஆயுள் காப்பீடு) எடுத்து வருடா வருடம் கட்டினால் அதன் மேல் வட்டி ஏறாது. இப்போது பாலிசியை அவசரமாக ரத்து செய்ய வேண்டாம். வேறு வங்கிக்கு மாற்றுவதாக இருந்தால் மட்டும் பிரீமியத்தில் எவ்வளவு திரும்ப வரும் என்று கேளுங்கள்.

2024 அக்டோபர் முதல் எந்தச் சில்லறைக் கடனுக்கும் கேஎஃப்எஸ் என்ற முக்கிய விவரத் தாள் தர வேண்டும். வட்டி, கட்டணம், அவர்கள் மூலம் எடுக்கும் இன்சூரன்ஸ் எல்லாம் சேர்த்து உண்மையான வருட வட்டி அதில் ஏபிஆர் என்று இருக்கும். டாப்-அப் எடுத்தால் அந்தத் தாளைக் கேட்டு வாங்கிப் படியுங்கள்.

பந்தலூர்

உங்களுக்கு வங்கியாவது இருக்கிறது. எங்கள் பக்கம் ஜன்ம நில ஒழிப்புச் சட்டத்தின் பிரிவு 17இல் வரும் நிலம், பட்டா கிடையாது, வீட்டுக்கடன் என்று போய் நிற்கவே முடியாது. வீடு கட்ட நகையை வைத்தோம், போதாததற்கு 2 ரூபாய் வட்டிக்கு வெளியில் வாங்கினோம். 5 லட்சத்துக்கு மாதம் 10 ஆயிரம், அசலைத் தொடாமல். டாப்-அப் 8.25% என்று கேட்டால் எங்களுக்கு ஆச்சரியமாக இருக்கிறது.

லவ்டேல்

ஒரு மாற்றுக் கருத்து. வட்டிக்கு வரிச்சலுகை இருக்கிறது, கடனை அவசரமாக அடைப்பதைவிட அந்த 50 ஆயிரத்தை எஸ்ஐபியில் (மியூச்சுவல் ஃபண்டில் தவணையாகப் போடுவது) போட்டால் அதிகம் வராதா?

கோத்தகிரி ரோடு

வரலாம், வராமலும் போகலாம். கடனில் போட்டால் 8.25% மிச்சம் உறுதி, அதற்கு வரியும் இல்லை. வரிச்சலுகை பழைய வருமான வரி முறையில் இருப்பவருக்குத்தான், சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக்கு வருடம் 2 லட்சம் வட்டி வரை. புதிய முறையில் அது கிடையாது. பழைய முறையிலும் 20% வரி கட்டுகிறவர் 100 ரூபாய் வட்டி கட்டி 20 ரூபாய் திரும்பப் பெறுகிறார், 80 ரூபாய் போனது போனதுதான். ஆறு மாதச் செலவுக்குக் கையில் பணம் இருந்தால் மட்டும் அசலில் போடுங்கள், அதில் நான் உறுதியாக இருக்கிறேன். போட்ட பணத்தை அவசரத்துக்குத் திரும்ப எடுக்க முடியாது.

இப்போது சுவர். பந்தலூர்க்காரர் சொன்னதைப் பார்த்தால் டாப்-அப் மலிவுதான், வாங்குங்கள், தள்ளிப் போடாதீர்கள். 2009 நவம்பர் மழையில் இந்த நீலகிரி மாவட்டத்தில் நாற்பதுக்கு மேற்பட்டவர்கள் மண்ணில் புதைந்து போனார்கள், அப்போது நான் குன்னூரிலிருந்து கோத்தகிரிக்கு நடந்தே வந்தேன், வழியெல்லாம் ரோட்டில் மண்ணும் மரமும்தான். வீட்டுக்கடன் 20 வருடம் ஓடும்போது அந்த 20 வருடமும் வீடு நிற்க வேண்டும். மலையில் வீட்டின் செலவு என்றால் சுவர், வடிகால், ஈரம் ஏறிய பெயின்ட், துருப்பிடித்த தகரம் எல்லாம் சேர்த்துத்தான், கடன் தருகிறவர் அதைக் கணக்கில் காட்ட மாட்டார்.

ஆனால் அவர்கள் சொல்லும் 4,400 எப்படி வருகிறது தெரியுமா? 5 லட்சத்தையும் மீதி 222 மாதத்தோடு சேர்க்கிறார்கள். மொத்தம் 9.77 லட்சம் கட்டுவீர்கள். அதையே தனிக் கணக்காக 7 வருடத்துக்குக் கேளுங்கள், அதே வட்டியில் மாதம் 7,855, மொத்தம் 6.6 லட்சம். 3 லட்சத்துக்கு மேல் வித்தியாசம். டாப்-அப் வட்டி கொஞ்சம் கூடுதலாகச் சொல்வார்கள், அப்போதும் குறைந்த காலம்தான் லாபம். சுவரில் ஒரு முழத்துக்கு ஒரு துவாரம் விட்டு, பின்னால் ஜல்லி நிரப்பி, மேட்டின் மேலே தண்ணீர் திரும்பிப் போக வாய்க்கால் வெட்டச் சொல்லுங்கள். தண்ணீர் வெளியேற வழி இல்லாத சுவர் எவ்வளவு தடிமனாக இருந்தாலும் தள்ளிக்கொண்டு வந்துவிடும். மேஸ்திரி சொன்னதோடு விடாமல் ஒரு இன்ஜினியரைக் கூட்டிவந்து மண்ணைக் காட்டுங்கள்.

வெலிங்டன் பாரக்ஸ்

பாரத் கிருஹ ரக்ஷா என்று வீட்டுக் காப்பீடு இருக்கிறது, பொதுக் காப்பீட்டு நிறுவனங்களில் கிடைக்கும், மண்சரிவும் அதில் அடங்கும். சுவர் கட்டியதும் அதன் மதிப்பையும் சேர்த்து எடுங்கள்.

அருவங்காடு மேடு

இன்று கிளைக்குப் போய்விட்டு வந்தேன். சுவருக்கு 7 வருடம் தனிக் கணக்காகத் தர ஒப்புக்கொண்டார்கள், முதலில் "சிஸ்டத்தில் வராது" என்றார்கள், எழுதித் தாருங்கள் என்றதும் மேனேஜரே வந்து பேசினார். வட்டியைக் குறைக்கும் விண்ணப்பமும் கொடுத்து நகலில் சீல் வாங்கிவிட்டேன். இஎம்ஐயை 28,500 ஆக்கினால் என்ன ஆகும் என்றும் கேட்டேன், 172 மாதம், 7 லட்சம் மிச்சம் என்று அவர்களே போட்டுக் காட்டினார்கள். ஆனால் சுவர்த் தவணை 7,855 இருக்கும்போது அதையும் கட்ட முடியாது. எதை முதலில் செய்வது அண்ணா?

கோத்தகிரி ரோடு

சுவர் முதலில். வீட்டு இஎம்ஐ இப்போதைக்கு 25,200 அப்படியே ஓடட்டும், போனஸ் 50 ஆயிரத்தை மட்டும் அசலில் போடுங்கள். 7 வருடம் கழித்து சுவர்க் கடன் முடிந்த மாதமே அந்த 7,855ஐ வீட்டு இஎம்ஐயோடு சேர்க்கச் சொல்லிக் கடிதம் கொடுங்கள். ஒவ்வொரு காலாண்டும் ஸ்டேட்மென்ட் தர வேண்டும் என்று ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட்டிலேயே சொல்லியிருக்கிறது, அதில் மீதித் தவணை எண்ணிக்கை இருக்கும். அந்த ஒரு எண்ணைப் பாருங்கள். மூன்று மாதத்தில் மூன்று தவணையாவது குறைந்திருக்க வேண்டும், குறையவில்லை என்றால் அன்றே கிளைக்குப் போங்கள்.