எ டான்ஸ் ஆஃப் ஃபயர் அண்ட் ஐஸ்: பாதை வளைந்தாலே தாளம் தவறுகிறது, என்ன செய்யலாம்?

ஒற்றைவிரல்:

வணக்கம் நண்பர்களே. பாட்டின் தாளத்துக்குத் தட்டி, ஒன்றையொன்று சுற்றும் இரண்டு கோள்களை டைல் பாதையில் நகர்த்தும் இந்த கேமில் முதல் நான்கு உலகங்களை முடித்துவிட்டேன். ஐந்தாவதிலிருந்து எந்த எக்ஸ் லெவலிலும் (உலகத்தின் முக்கிய லெவல்) 40 சதவீதத்தைத் தாண்ட முடியவில்லை. சாகும் இடங்கள் மூன்றே வகைதான்:

படிக்கட்டு மாதிரி மேலும் பக்கவாட்டுமாக மாறி மாறிப் போகும் பாதை. சுழல் குறி போட்ட டைலுக்கு அடுத்து வரும் திருப்பம். முயல் குறிக்குப் பிறகு வரும் நேர்ப்பாதை.

மொபைலில் ஆடுகிறேன். ப்ளூடூத் இயர்பட்ஸ், வலது கட்டைவிரல் மட்டும். கண் கொட்டாமல் கோள்களையே பார்த்துத் தட்டியும் ‘லேட்’ என்றே வருகிறது. இதையே இன்னும் நூறு தடவை ஆடினால் கை பழகிவிடுமா, இல்லை முறையையே மாற்ற வேண்டுமா?

தகிட_தகதிமி:

முறையை மாற்றுங்கள். ‘கோள்களையே பார்த்து’ என்று எழுதியிருக்கிறீர்களே, முக்கால்வாசிக் கோளாறு அங்கேதான். கோள் டைல் மேல் வந்ததைக் கண் பார்த்து, அதற்குப் பிறகு விரல் அசைந்தால் எப்போதும் தாமதம்தான். கண்ணுக்குப் பாதையைப் படிக்கும் வேலை, காதுக்கு நேரம் சொல்லும் வேலை. கோள் நிற்கும் இடத்துக்கு மூன்று நான்கு டைல் முன்னால் பார்வை இருக்கட்டும்.

பாதையைப் படிக்க ஒரே ஒரு கணக்கு போதும். ஒரு கோள் டைலில் நிற்கும், மற்றது அதைச் சுற்றும். சுற்றும் வேகம் பீட்டுக்கு (பாட்டின் ஒரு தாளத் துடிப்புக்கு) 180 டிகிரி. நேர்ப்பாதையில் பின்னாலிருந்து முன்னால் வர அரைவட்டம், அதாவது 1 பீட். தொடக்கத்தில் சுற்று கடிகாரத் திசையில் இருக்கும். வலப்பக்கம் போய்க்கொண்டிருக்கும் பாதை மேல்நோக்கித் திரும்பினால் கோள் 90 டிகிரி சுற்றினால் போதும், அரை பீட். கீழ்நோக்கித் திரும்பினால் 270 டிகிரி, ஒன்றரை பீட். பாதை போகும் திசையில் நீங்களே நடப்பதாக வைத்துக்கொள்ளுங்கள்: இடக்கைப் பக்கம் திரும்பினால் சீக்கிரம் தட்ட வேண்டும், வலக்கைப் பக்கம் திரும்பினால் காத்திருக்க வேண்டும்.

இப்போது உங்கள் படிக்கட்டைப் பாருங்கள். மேலே ஏறும்போது இடது திருப்பம், அரை பீட். பக்கவாட்டில் போகும்போது வலது திருப்பம், ஒன்றரை பீட். இரண்டும் சேர்ந்து 2 பீட். எந்தச் சாய்வில் வளைந்தாலும் இந்தக் கூட்டுத்தொகை மாறாது. இடது திருப்பத்தில் எவ்வளவு குறைகிறதோ, அதே அளவுள்ள வலது திருப்பத்தில் அவ்வளவு கூடும். 60 டிகிரியில் கூர்மையாக மடிந்து மடிந்து போகும் பாதையிலும் மூன்றில் ஒரு பீட், பிறகு ஒன்றும் மூன்றில் இரண்டும். மொத்தம் 2 பீட்தான். ஆகவே படிக்கட்டை ஒவ்வொரு டைலாகப் பிடிக்காதீர்கள், ஜோடி ஜோடியாகப் பிடியுங்கள்.

வாயால் சொல்லிப் பழகினால் விரைவில் வரும். படிக்கட்டுக்கு ‘தக’ சொல்லி இரண்டு எழுத்துக்குக் கார்வை, அதாவது சொல் இல்லாத இடைவெளி: தக – –, தக – –. இரண்டு எழுத்திலும் தட்டல், கார்வையில் கை சும்மா இருக்கும். பெரும்பாலும் அந்தக் கார்வையில்தான் விரல் பொறுக்காமல் தட்டிவிடும். ஒன்றரை பீட்டை வெறுமனே காத்திருந்தால் நீளமாகத் தெரியும், உள்ளுக்குள் எண்ணினால் தெரியாது.

சுழல் டைல் சுற்றும் திசையை மாற்றும். அதன் பிறகு இடது வலது இரண்டும் இடம் மாறிவிடும்: வலது திருப்பம் சீக்கிரம், இடது திருப்பம் தாமதம். இதில் பலர் தவறவிடும் ஒன்று, மாற்றம் சுழல் இருக்கும் டைலிலேயே தொடங்குகிறது என்பது. அந்த டைலிலிருந்து புறப்படும் திருப்பமே புதுத் திசையில்தான் நடக்கும். அடுத்த டைலில்தான் மாறும் என்று நினைத்தால் முதல் தட்டலே ஒரு பீட் தவறும், 90 டிகிரித் திருப்பமானால். படிக்கட்டின் ஒவ்வொரு முனையிலும் சுழல் போட்டிருந்தால் பயந்துவிடாதீர்கள். திசையும் மாறுகிறது, திருப்பமும் மாறுகிறது. ஆக எல்லாமே ஒரே அளவு. முதல் முனை அரை பீட் என்றால் கடைசி வரை அரை பீட். பார்க்கத்தான் சிக்கல், தட்டுவதற்கு நேர்கோடு மாதிரி.

செவ்வானம்27:

மேலே சொன்னது எல்லாம் சரி. ஆனால் அதைத் தொடங்கும் முன் ப்ளூடூத்தைக் கழற்றி வையுங்கள் ப்ரோ. கம்பியில்லா இயர்பட்ஸில் 150 முதல் 250 மில்லிசெகண்ட் வரை ஒலி பிந்துவது சாதாரணம். 150 பிபிஎம் (நிமிடத்துக்கு 150 பீட்) பாட்டில் ஒரு பீட் 400 மில்லிசெகண்ட், அரை பீட் 200. அதாவது உங்கள் காதுக்கு வரும் பாட்டு அரை பீட் பழையதாக இருக்கலாம். அதைக் கேட்டு எவ்வளவு சுத்தமாகத் தட்டினாலும் ‘லேட்’தான் வரும். நீங்கள் கோளைப் பார்த்துத் தட்டப் பழகியதற்கே இது காரணமாக இருக்கலாம், காதை நம்ப முடியாமல் போயிருக்கும்.

கம்பி உள்ள இயர்போன் போடுங்கள். ஃபோனில் ஜாக் இல்லையென்றால் டைப்-சி இயர்போன், அதுவும் இல்லையென்றால் ஃபோன் ஸ்பீக்கரே மேல். பிறகு கேமுக்குள் இருக்கும் கேலிப்ரேஷனை, அதாவது ஒலித் தாமதத்தை அளந்து சரிசெய்வதை, செய்யுங்கள். செய்யும்போது திரையைப் பார்க்காமல் ஒலிக்கு மட்டும் தட்டுங்கள். மூன்று முறை செய்து வரும் எண்களைப் பாருங்கள். மூன்றும் 10 மில்லிசெகண்டுக்குள் நெருங்கியிருந்தால் நடுவில் உள்ளதை வையுங்கள். ஒன்று 40, ஒன்று 95 என்று சிதறினால் கை இன்னும் நிதானப்படவில்லை, சற்று விட்டுத் திரும்பச் செய்யுங்கள். இயர்போன் மாற்றினால், ஸ்பீக்கருக்கு மாறினால், மறுபடி கேலிப்ரேஷன். ப்ளூடூத்துக்கும் கேலிப்ரேஷன் செய்யலாமே என்று கேட்பார்கள். செய்யலாம், ஆனால் இணைப்பு விட்டு மறுபடி வரும்போது தாமதமும் மாறிவிடக்கூடும், அதை நம்பிக் கடினமான லெவல் ஆட முடியாது.

பேட்டரி சேவரை அணையுங்கள். ஃப்ரேம் விட்டு விட்டு வந்தால் கோள் குதிப்பது போலத் தெரியும், அந்த இடத்தில் கண் விரலைக் குழப்பும்.

ஒற்றைக் கட்டைவிரலையும் விடுங்கள். இரண்டு கட்டைவிரலையும் மாற்றி மாற்றித் தட்டுங்கள். திரையின் எந்தப் பகுதியில் தட்டினாலும் கேம் ஏற்கும். வேகமான பகுதியில் மட்டும் இரண்டாவது விரலைச் சேர்ப்பது என்று வைக்காதீர்கள், மாறும் இடத்திலேயே சறுக்கும். மெதுவான லெவலிலிருந்தே வலம், இடம், வலம், இடம். கணினியில் ஆடுகிறவர்களுக்கும் இதே, இரண்டு கீ.

ஒற்றைவிரல்:

இருவருக்கும் நன்றி. கம்பி இயர்போனில் மூன்று முறை கேலிப்ரேஷன் செய்தேன், எண்கள் 8-க்குள் நெருங்கி வந்தன. நேர்ப்பாதையில் ‘லேட்’ நின்றுவிட்டது. படிக்கட்டும் ஜோடியாகப் பார்த்தால் பிடிபடுகிறது.

மிச்சம் இரண்டு. ஒன்று, முயல் குறி. இரண்டு, பாதை வட்டமாக வளைந்து பலகோணம் மாதிரி சுற்றி வரும் இடங்கள். அங்கே எத்தனை தட்டல் என்று எண்ணுவதற்குள் முடிந்துவிடுகிறது.

தகிட_தகதிமி:

பலகோணம்தான் இந்த கேமில் எனக்கு மிகவும் பிடித்த விஷயம், கொஞ்சம் நீட்டிச் சொல்கிறேன்.

கோள் உட்பக்கமாகச் சுற்றும்போது ஒவ்வொரு முனையிலும் பலகோணத்தின் உட்கோணம்தான் நேரம். முக்கோணத்துக்கு 60 டிகிரி, மூன்றில் ஒரு பீட். முழு முக்கோணமும் 1 பீட்டில் 3 தட்டல்: தகிட. திஸ்ரம் (மூன்று எழுத்து நடை) தான் அது, வேறொன்றும் இல்லை. சதுரத்துக்கு 90 டிகிரி, 2 பீட்டில் 4 தட்டல். ஐங்கோணம் 108 டிகிரி, 3 பீட்டில் 5. அறுகோணம் 120 டிகிரி, 4 பீட்டில் 6. எண்கோணம் 135 டிகிரி, 6 பீட்டில் 8. கவனித்தீர்களா? பக்கங்களின் எண்ணிக்கையில் இரண்டைக் கழித்தால் அத்தனை பீட். பள்ளியில் படித்த உட்கோணச் சூத்திரமே இது.

அறுகோணத்தை 2 பீட்டில் 3 தட்டலாகவும் எண்கோணத்தை 3 பீட்டில் 4 தட்டலாகவும் சுருக்கிக்கொள்ளலாம். ஒரே நேர அளவுக்குள் வலது கையால் 2, இடது கையால் 3 என்று சேர்த்துத் தட்டி மேசையில் பழகினால் அறுகோணம் வந்துவிடும். ஐங்கோணத்தை மட்டும் இப்படி எண்ணாதீர்கள், 3-க்கு 5 என்பது ஓடும் பாட்டில் எண்ணி முடியாது. அதை வேகம் கூடிய நேர்ப்பாதையாக நினையுங்கள். 150 பிபிஎம் பாட்டில் ஐங்கோணத்தின் தட்டல்கள் 250 பிபிஎம் வேகத்தில் சீராக விழும். அறுகோணம் 225, எண்கோணம் 200. மெட்ரோனோம் ஆப்பில் அந்த வேகத்தை வைத்து இரண்டு நிமிடம் தட்டிவிட்டு லெவலுக்குள் போங்கள்.

சுழலுக்குப் பிறகு கோள் வெளிப்பக்கமாகச் சுற்றினால் கணக்கு தலைகீழ். அதே முக்கோணத்தின் ஒரு முனைக்கு 300 டிகிரி, ஒன்றும் மூன்றில் இரண்டும். வடிவத்தைப் பார்த்து ‘தகிட’ என்று பாய்ந்தால் செத்தீர்கள். வடிவத்தைப் பார்க்கும் முன், இப்போது எந்தப் பக்கம் சுற்றுகிறது என்பது மனதில் இருக்க வேண்டும்.

முயல் குறி: கோளின் வேகம் கூடுகிறது, பாட்டின் தாளம் பெரும்பாலும் அப்படியே இருக்கும். வேகம் இரண்டு மடங்கானால் நேர்ப்பாதையின் டைல்கள் பாட்டின் அரை பீட்டில் விழும், 90 டிகிரி இடது திருப்பம் கால் பீட்டில் விழும். பழைய பீட்டைக் காலால் தட்டிக்கொண்டே இருங்கள், கை மட்டும் இரட்டிக்கட்டும். தாளம் போடும் கையும் பாடும் வாயும் தனித்தனியாக ஓடுவது போல. நத்தைக் குறி வந்தால் இதற்கு நேர் எதிர், அங்கே முந்தித் தட்டிச் சாவார்கள்.

டைல்_எண்ணி:

எண்ணுவது பற்றி ஒரு மாற்றுக் கருத்து. கணக்கு புரிவதற்கு நல்லது, ஆனால் ஆடும்போது எண்ணிக்கொண்டே இருந்தால் பாட்டு காதில் விழாது. இந்த கேமில் பாதை பாட்டுக்காகவே வரையப்படுகிறது. ட்ரம் எங்கே அடிக்கிறதோ அங்கே டைல் இருக்கும். பாட்டை மனப்பாடமாக முணுமுணுக்கத் தெரிந்தால் பாதி லெவல் முடிந்த மாதிரி. கேமை மூடிவிட்டுப் பாட்டை மட்டும் நாலைந்து தடவை கேளுங்கள். இந்த கேமைச் செய்த செவன்த் பீட் கேம்ஸின் இன்னொரு கேம் ரிதம் டாக்டர், பெரும்பாலும் காதை வைத்தே ஆடுவது, ஏழாவது பீட்டில் ஒரே தட்டல். காது பழக அதுவும் கை கொடுக்கும்.

பயிற்சி எப்படி என்று யாரும் சொல்லவில்லை. எக்ஸ் லெவலைத் தொடக்கத்திலிருந்து திரும்பத் திரும்ப ஆடுவதுதான் பெரிய வீண். 38 சதவீதத்தில் சாகிறீர்கள் என்றால் முதல் 30 சதவீதத்தை நூறு தடவை பழகியிருப்பீர்கள், தவறும் இடத்தை நூறு முறை தவறாகவே பழகியிருப்பீர்கள். விரலுக்கு அந்தத் தவறும் மனப்பாடமாகிவிடும்.

முதலில் அந்த உலகத்தின் சிறு லெவல்கள். 5-1, 5-2 என்று வருபவை ஒவ்வொன்றும் எக்ஸ் லெவலில் வரும் ஒரு வடிவத்தைத் தனியாகக் கற்றுத்தருவன. தப்பிப் பிழைத்து முடித்தது கணக்கில் இல்லை, தட்டல் எல்லாம் ‘பெர்ஃபெக்ட்’ ஆகும் வரை ஆடுங்கள்.

அடுத்து, நோ-ஃபெயில் (தவறினாலும் லெவல் நிற்காது) போட்டு எக்ஸ் லெவலை ஒரே ஒரு முறை கடைசி வரை ஆடுங்கள். ‘எர்லி’, ‘லேட்’, தவறவிட்டது எந்த இடத்தில் வருகிறது என்று ஸ்க்ரீன் ரெக்கார்டில் பார்த்துத் தாளில் குறியுங்கள். பொதுவாக மூன்று நான்கு இடங்கள்தான் இருக்கும். ‘எர்லி’ விழும் இடம் பதற்றம் அல்லது கார்வையில் பொறுக்காதது. ‘லேட்’ விழும் இடம் பாதையைப் படிக்கத் தாமதம். இரண்டுக்கும் மருந்து வேறு: முதலாவதற்கு வாயால் எண்ணுவது, இரண்டாவதற்கு அந்த வடிவத்தை நிறுத்திவைத்துப் பார்ப்பது. நோ-ஃபெயிலிலேயே தொடர்ந்து ஆடுவது மட்டும் வேண்டாம், தவறியதை மறந்து ஓடப் பழகிவிடும்.

பிறகு குறித்த இடங்களைக் கடைசியிலிருந்து தொடங்குங்கள். பிராக்டீஸ் மோடில் கடைசிச் சிக்கலுக்கு நாலு டைல் முன்னால் தொடங்கி முடிவு வரை. தொடர்ந்து 5 முறை சுத்தமாக வந்தால் அதற்கு முந்தைய சிக்கலுக்குப் போங்கள். இப்படி வந்தால் லெவலில் முன்னேற முன்னேறத் தெரிந்த இடம் வரும், நெஞ்சு படபடக்காது. முன்பக்கத்திலிருந்து பழகுகிறவர்கள் 90 சதவீதத்தில் சாவதற்குக் காரணம், அந்தப் பகுதியைத் தொட்டதே குறைவு என்பதுதான்.

ஒரே டைலில் 3 முறை தவறினால் வேகத்தைக் குறைக்க வேண்டும். கணினியில் கஸ்டம் லெவல் (ஆட்டக்காரர்கள் உருவாக்கியது) என்றால் எடிட்டரில் திறந்து பாட்டின் பிட்ச்சை, அதாவது வேகத்தை, 70 சதவீதமாக்கி, 5 முறை சுத்தமாக வந்தால் 80, 90, 100. மொபைலில் மெதுவாக்க வழி தேடுவதை விட, முடித்த உலகங்களின் ஸ்பீட் ட்ரையலில் (வேகம் கூட்டி ஆடும் முறை) 1.1, 1.2 மடங்கில் ஆடுவது பலன் தரும். ஆஃப்பீட் (பீட்டுகளுக்கு நடுவே விழும் தட்டல்) தடுமாறுகிறது என்றால் இரண்டாம் உலகத்தின் 2-எக்ஸ் அதற்கென்றே இருக்கிறது.

ஒரு அமர்வுக்கு 20 நிமிடம் போதும். தட்டல் கனமாகி ‘ஓவர்லோட்’ வரத் தொடங்கினால் அன்றைக்கு நிறுத்துங்கள். அது பதற்றத்தில் ஒரே டைலில் பல தடவை தட்டுவதால் வருவது.

ஒற்றைவிரல்:

ஐந்தின் சிறு லெவல்களில் தொடங்கிவிட்டேன். ஒரு சந்தேகம்: இரண்டு கட்டைவிரல் மாற்றித் தட்டும்போது படிக்கட்டின் ஒன்றரை பீட் காத்திருப்புக்குப் பிறகு எந்த விரல் என்பது குழம்புகிறது.

செவ்வானம்27:

நீண்ட காத்திருப்புக்குப் பிறகு எப்போதும் வலது விரல் என்று வையுங்கள். படிக்கட்டில் ஜோடியின் முதல் தட்டல் வலது, இரண்டாவது இடது, கார்வை, மறுபடி வலது. அறுகோணம், ஐங்கோணம் போன்ற சீரான ஓட்டத்தில் மட்டும் நிற்காமல் மாற்றி மாற்றி. முக்கோணத்தில் 3 ஒற்றைப்படை, ஆகவே இரண்டாவது ‘தகிட’ இடது விரலில் தொடங்கும். அதை மேசையில் தனியாகப் பழகுங்கள், வ-இ-வ, இ-வ-இ. அழுத்தம் ‘த’வில் விழ வேண்டும், எந்த விரலாக இருந்தாலும்.