தொடைக்கறியை நூல் கட்டிச் சுட்ட கதை: உங்களுக்கும் இருக்கிறதா?

ஆட்டின் முழுத் தொடையை வெட்டாமல் வாங்குவதே பெரிய பாடு. எங்கள் தெருக் கறிக்கடை பாய் "குழம்புக்கா, பிரியாணிக்கா?" என்று கேட்டுக்கொண்டே கத்தியை இறக்கிவிடுவார். இரண்டு வாரம் துண்டுக்கறியோடுதான் திரும்பினேன். மூன்றாவது வாரம் கடைக்குள் நுழையும்போதே "பாய், எலும்பை மட்டும் உருவிக் கொடுங்க, கறியைத் துண்டு போட்டுராதீங்க" என்று சொல்லி, பக்கத்திலேயே காவலுக்கு நின்றேன். "கபாபா தம்பி?" என்றார். சுருட்டிக் கட்டிச் சுடப்போகிறேன் என்றதும் என்னை மேலும் கீழும் பார்த்தார்.

எலும்பு எடுத்த தொடை ஒரு பக்கம் தடிப்பாகவும் மறுபக்கம் மெலிதாகவும் விரிந்து கிடக்கும். மேலே இருக்கும் வெள்ளை ஜவ்வை உரித்துவிட்டு, உப்பு, மிளகு, நசுக்கிய பூண்டு தடவி ராத்திரி முழுக்க ஃபிரிட்ஜில் வைத்தேன். இதுவரை சரி. கட்ட நூல்? வீட்டில் இருந்தது பூக்கட்டும் பச்சை நூல்தான். அதில் நாலு கட்டு போட்டு, ஓவனில் 200 டிகிரியில் ஒரு மணி நேரம் விட்டேன். சாயம் கொழுப்பில் இறங்கிப் பச்சைக் கோடு விழுந்துவிட்டது, மெல்லிய நூல் கறிக்குள் வெட்டிக்கொண்டு போய்விட்டது, போதாததற்கு ஓரமெல்லாம் செருப்புத் தோலாகவும் நடுவில் வேகாத கறியாகவும் இருந்தது. கட்டு தளர்ந்து மெலிந்த பக்கம் பிரிந்து தொங்கியதுதான் காரணம் என்று அப்புறம்தான் புரிந்தது. நூல் கட்டுவது அழகுக்கு இல்லை, நெடுக ஒரே பருமனாக இருந்தால்தான் ஒரே மாதிரி வேகும்.

இப்போது மளிகைக்கடையில் பொட்டலம் கட்டுகிற வெள்ளைப் பருத்தி நூலை இரண்டாக முறுக்கிக் கட்டுகிறேன். வாங்கும்போது நைலான் இல்லையே என்று பார்த்துக்கொள்ளுங்கள், அது உருகும். முதலில் நடுவில் ஒரு கட்டு, பிறகு இரண்டு ஓரம், அப்புறம் இடையில் இரண்டு விரல் அகலத்துக்கு ஒன்று. முதல் முடிச்சில் நூலை ஒரு சுற்றுக்குப் பதில் இரண்டு சுற்று விட்டால் அடுத்த முடிச்சுப் போடும்வரை நழுவாது. இதை யாராவது முன்பே சொல்லியிருந்தால் ஒரு தொடை மிஞ்சியிருக்கும்.

*

உங்கள் பச்சைக் கோட்டை நினைத்துச் சிரித்துக்கொண்டே எழுதுகிறேன். நான் பெரம்பூரில் வளர்ந்தவள். பக்கத்து வீட்டு ஆன்ட்டி ஆங்கிலோ இந்தியர், ரயில்வே குடும்பம். கிறிஸ்துமஸுக்கு முழுக்கறி சுடுவார், ஆனால் அந்த வீட்டில் ஓவனே கிடையாது! அடி கனமான டேக்சாவில் எண்ணெய் காய்ந்ததும் முழு மிளகு, கிராம்பு, காய்ந்த மிளகாய் போட்டு, கறியை ஒவ்வொரு பக்கமாகத் திருப்பி நன்றாகச் சிவக்க விடுவார். அவசரப்பட்டுக் கரண்டியை விட்டால் அதட்டல்தான், "தொடாதே, அதுவா விடும்." பிறகு ஒரு டம்ளர் தண்ணீர், மூடி, சின்னத் தீ, இரண்டரை மூன்று மணி நேரம். கடைசியில் உருளைக்கிழங்கு.

என் கணிப்பில் உங்கள் தப்பு நூல் மட்டும் இல்லை. வெள்ளாட்டுக் கறிக்குள் கொழுப்பு குறைவு, சீக்கிரம் வறண்டுவிடும். அதிலுள்ள நாரும் ஜவ்வும் 70 டிகிரிக்கு மேல் ஈரத்தில் மெதுவாக வெந்தால்தான் இளகும். 200 டிகிரி ஓவன் அதற்குச் சரிப்படாது. மிஞ்சியதை மறுநாள் ஆறிய நிலையில் மெலிதாகச் சீவி ரொட்டிக்குள் வைத்தால், அடடா, எனக்கு அன்றைய ரோஸ்ட்டை விட அதுதான் பிடிக்கும்.

*

நான் லண்டனில் இருக்கிறன். இங்கே கடையிலேயே எலும்பெடுத்துச் சுருட்டி வலை போட்ட செம்மறி இறைச்சி கிடைக்கும், அதனால் கட்டுற வேலை இல்லை. ஆனால் ஒரு விசயத்தில் நல்லாய் மாட்டினேன். முழுத் துண்டு இறைச்சியைச் சுடும்போது நடுவில் கொஞ்சம் சிவப்பு இருந்தால் பரவாயில்லை எண்டு பழகியிருந்தேன், ஏனெண்டால் கிருமி வெளிப்பக்கத்தில்தான் இருக்கும், சூட்டில் செத்துப்போகும். சுருட்டினதுக்கு அந்தக் கணக்கு சரிவராது. வெளியில் இருந்த பக்கம் உள்ளே போயிருக்கே! நடு 70 டிகிரிக்கு ஏறி இரண்டு நிமிசமாவது நிற்கவேணும். நான் வெப்பமானியை ஓரத்தில் குத்திப்போட்டு 72 எண்டு சந்தோசப்பட்டேன், வெட்டினால் நடு இளஞ்சிவப்பு. மாமி தட்டைத் தள்ளிவிட்டு முட்டை பொரிக்கச் சொன்னா. ஆகத் தடிப்பான இடத்தின் நடுவில் குத்துங்கோ.

இறக்கினவுடனே வெட்டவும் வேண்டாம். இருபது நிமிசம் விட்டால் சாறு பலகையில் ஓடாது. வெட்டும்போது நாருக்குக் குறுக்கே வெட்டுங்கோ.

*

மூன்றையும் சேர்த்துப் போன ஞாயிறு செய்தேன். ஓவனை மறந்துவிட்டு டேக்சா, மூன்று மணி நேரம், கத்தி வழுக்கிக்கொண்டு இறங்கியது. கறிக்கடை பாய்க்கும் ஒரு டப்பாவில் கொடுத்தேன், "உப்பு கம்மி" என்றார்.

ஒரே ஒரு குறை. மொத்தம் ஒன்பது கட்டு போட்டிருந்தேன், எட்டைத்தான் வெட்டி எடுத்திருக்கிறேன். ஒன்பதாவது கட்டு மாமனார் வாயில் கிடைத்தது.